இரண்டு கை வற்றல்

தெய்வநாயகம் மடத்துக்கு வந்ததே கோபத்தை விட்டுத் தொலைக்கத்தான். வந்து ஒரு வருஷம் ஆகியும் அது அவரை விடுவதாக இல்லை. ஆனால் மனுஷன் பிடிவாதக்காரர். பஸ் கம்பெனியில் டிக்கெட் செக்கராக இருந்தவர். ஒளிந்திருக்கிறவனைத் தேடிப் பிடிக்கிற அதே வேகத்தோடு தன் கோபத்தையும் துரத்திக்கொண்டிருந்தார். விடியுமுன் ஆற்றில் முழுகினார். மணிக்கணக்கில் தியானத்தில் உட்கார்ந்தார். வாரத்தில் ஒரு நாள் மௌன விரதம் இருந்தார். அன்றைக்கு அவர் பாத்திரம் வைக்கிற சத்தத்தைக் கேட்டு மற்றவர்கள் ஒதுங்கிப் போனார்கள்.

மடத்துச் சாமி அவரைவிட மிகவும் இளையவர். தெய்வநாயகத்தை 'அண்ணாச்சி' என்றுதான் கூப்பிடுவார்.

அன்று காலையில் தெய்வநாயகத்துக்கு மகள் மலர்க்கொடியிடமிருந்து போன் வந்தது. பேசி முடித்ததும் நேராகச் சாமியின் முன்னால் வந்து நின்றார்.

"சாமி, இன்னைக்கு எனக்கு ஒரு பதில் வேணும்."

"கேளுங்க அண்ணாச்சி."

"கோவத்தை வேரோட பிடுங்கிப் போட என்ன வழி?"

"இன்னைக்கு என்ன அப்படி அவசரம்?"

"நாளைக்குப் பேரனுக்குக் காதுகுத்து. எனக்கு ஆம்பளைப் பிள்ளை கிடையாது. தாய்மாமன் இல்லாத பிள்ளையை என் மடியிலதான் வச்சுக் குத்தணும்னு மக சொல்லுதா. 'இந்தத் தடவையும் வரலைன்னா இனிமே உங்களைக் கூப்பிடவே மாட்டேம்பா'ன்னு சொல்லிட்டா."

"போயிட்டு வாங்க."

"எப்படிப் போவேன்? அவ மெஸ் திறந்த அன்னைக்கு நான் செஞ்சதுதான் உங்களுக்குத் தெரியுமே."

தெரியும். மடத்தில் எல்லோருக்கும் தெரியும். அவரே சொல்லி அழுதிருக்கிறார். மலர்க்கொடி தன் வீட்டு முன்னறையில் மெஸ் திறந்தாள். முதல் பந்தியில் அப்பாவை உட்கார வைத்து, இட்லியும் தக்காளிச் சட்னியும் பரிமாறினாள். ஒரு வாய் வைத்தவர், "இதை மனுஷன் தின்பானா?" என்று கத்தி, சட்னிச் சட்டியைத் தூக்கி வாசலில் வீசினார். சாப்பிட வந்தவர்கள் பாதி இலையில் எழுந்து போனார்கள். மலர்க்கொடி தண்ணீர் கொண்டுவந்து வாசலைக் கழுவினாள். அந்த வாரமே தெய்வநாயகம் வீட்டைப் பூட்டிவிட்டு மடத்துக்கு வந்துவிட்டார்.

"கோவம் போகாம அந்த வாசல்ல கால் வைக்க மாட்டேன் சாமி" என்றார் தெய்வநாயகம். "நாளைக்குக் காது குத்துற ஆசாரி கை லேசா நடுங்கினாக்கூட கத்துவேன். பிள்ளை என் மடியில இருக்கும்போதே கத்துவேன். என்னைப் பத்தி எனக்குத் தெரியும்."

சாமி அடுக்களைப் பக்கம் திரும்பிப் பார்த்தார்.

"இட்லி அவியுது. தக்காளிச் சட்னியை இன்னைக்கு நீங்க அரையுங்க அண்ணாச்சி. கொஞ்சம் காரமா இருக்கட்டும்."

"நான் கேட்டதுக்கு..."

"எனக்குப் பசிக்குது."

அந்த மடத்து அடுக்களையில் இரண்டு கட்டுப்பாடுகள் உண்டு. சமைக்கிறவர்கள் ருசி பார்க்கக் கூடாது. விளக்கின் முன்னால் படைத்த பிறகுதான் எதையும் நாக்கில் வைக்க வேண்டும். படைத்ததைக் கொட்டவும் கூடாது. எப்படி அமைந்தாலும் அதைச் சாப்பிட்டே தீர்க்க வேண்டும்.

அடுக்களையைப் பார்த்துக்கொள்கிறவர் சங்கரவடிவு என்ற அம்மாள். தெய்வநாயகம் உள்ளே வருவதைப் பார்த்ததும் கண்ணாடி ஜாடிகளைச் சுவரோரமாகத் தள்ளி வைத்தார்.

தெய்வநாயகம் நல்லெண்ணெயைக் காயவைத்து ஒரு கை வற்றல் மிளகாயை வறுத்தார். அதை எடுத்து கிரைண்டரில் போட்டுவிட்டு, அதே சட்டியில் தக்காளியை வதக்கினார். தோல் சுருண்டு வந்தது. உப்பு டப்பாவைத் திறந்தால் காலி. முணுமுணுத்துக்கொண்டே சாமான் அறைக்குப் போனார்.

சங்கரவடிவு சட்டியை எட்டிப் பார்த்தார். தக்காளி வெந்துகொண்டிருந்தது. வற்றலைக் காணோம். அண்ணாச்சி மறந்துவிட்டார் என்று நினைத்தார். கூப்பிட்டுக் கேட்கலாம்தான். கேட்டால் கத்துவார். வம்பு எதற்கு என்று அவரே ஒரு கை வற்றலை அள்ளிச் சட்டியில் போட்டுக் கிளறிவிட்டு, இட்லிப் பானைக்குத் திரும்பினார்.

ருசி பார்க்கிற வீடாக இருந்தால் அப்போதே தெரிந்திருக்கும். தெய்வநாயகம் முணுமுணுப்பு அடங்காமல் உப்போடு வந்து, சட்டியைக் கவனிக்காமலே கிரைண்டரில் கவிழ்த்து, எல்லாவற்றையும் சேர்த்து அரைத்து, கடுகும் பெருங்காயமும் தாளித்துக் கொட்டினார். நிறம் நன்றாகவே இருந்தது. விளக்கின் முன்னால் படைத்துக் கும்பிட்டார்கள். பந்தி உட்கார்ந்தது.

சாமி இட்லியைப் பிய்த்துச் சட்னியில் தொட்டு வாயில் வைத்தார். மென்றார். கண்ணில் தண்ணீர் நிறைந்தது. செம்பை எடுத்து முழுவதையும் குடித்தார். பக்கத்து இலைக்காரருக்கு விக்கல் எடுத்தது.

தெய்வநாயகம் ஒரு விரல் சட்னியை நாக்கில் வைத்தார். காது வரை எரிந்தது.

"இதுல யாரு மறுபடியும் வத்தல் போட்டது?"

அவர் போட்ட சத்தத்தில் பந்தியே நிமிர்ந்தது.

"நாந்தான் அண்ணாச்சி" என்றார் சங்கரவடிவு. "நீங்க மறந்துட்டியளோன்னு நெனச்சேன்."

"ஒரு வார்த்தை கேக்கக் கூடாதா?"

"கேட்டா கத்துவீயளே."

தெய்வநாயகத்தின் கை சட்டியைத் தூக்கியது. அது எப்போது தன் கைக்கு வந்தது என்று அவருக்கே தெரியவில்லை. சங்கரவடிவு ஓர் அடி பின்னால் நகர்ந்தார்.

"படைச்சது அண்ணாச்சி" என்றார் சாமி.

தெய்வநாயகம் அப்படியே நின்றார். முகம் சுண்டிப்போயிற்று. சட்டியைத் தரையில் வைத்தார்.

"இதை யாரும் தின்ன முடியாது சாமி."

"முடியாதுதான். காரத்தை எடுத்துருங்க."

"அரைச்சுக் கலந்ததுல இருந்து எப்படி எடுக்க?"

"எனக்கும் தெரியலையே. எனக்குப் பசி இன்னும் அடங்கல."

தெய்வநாயகம் வேட்டியை இறுக்கிக் கட்டினார். சட்டியோடு அடுக்களைக்குப் போனார். எடுத்தே தீருவது என்று உட்கார்ந்துவிட்டார். மேலே மிதந்த எண்ணெயை வழித்துக் கிண்ணத்தில் ஊற்றினார். கரண்டி நுனியால் மிளகாய் விதைகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கத் தொடங்கினார். நெற்றி வியர்வை மூக்கில் இறங்கியது. நிமிரவில்லை.

சங்கரவடிவு எவ்வளவு நேரம்தான் பார்த்துக்கொண்டு நிற்பார்?

"விதையைப் பொறுக்கி முடிக்க ராத்திரி ஆயிரும் அண்ணாச்சி. காரம் விதையிலயா இருக்கு? எல்லாத்துலயும் ஏறிட்டுது."

தெய்வநாயகம் கரண்டியைக் கீழே வைத்தார். சட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"தக்காளி இன்னும் இருக்காம்மா?"

"ஒரு கூடை இருக்கு. ரசத்துக்கு வாங்கினது."

"கொண்டா."

நாலைந்து பழத்தை வதக்கி அரைத்துச் சட்டியில் சேர்த்தார். தொட்டு நாக்கில் வைத்தார். ஒன்றுமே தெரியவில்லை. முதலில் எரிந்த எரிச்சலில் நாக்கு மரத்துப்போயிருந்தது. கொஞ்சம் யோசித்துவிட்டுக் கரண்டியைச் சங்கரவடிவிடம் நீட்டினார்.

"என் நாக்குல சுரணை இல்ல. நீ பாத்துச் சொல்லும்மா."

"இப்போ ருசி பாக்கலாமா சாமி?" என்று சங்கரவடிவு பந்தியைப் பார்த்துக் கேட்டார்.

"படைச்சாச்சே. பாக்கலாம்."

சங்கரவடிவு தொட்டுப் பார்த்துவிட்டு வாயை ஊதினார்.

"எரியுது."

தெய்வநாயகம் இன்னும் தக்காளி அரைத்துப் போட்டார்.

"இன்னும் எரியுது."

மறுபடியும் போட்டார். சட்டி போதவில்லை. சாம்பார் அண்டாவைக் கழுவி அதில் மாற்றினார்.

"இப்போ தேவலை. ஆனா உப்பு பத்தல."

"பத்தலையா?" தெய்வநாயகத்தின் குரல் ஏறியது. சங்கரவடிவு கரண்டியைக் கீழே வைக்கப் போனார். "வைக்காத, வைக்காத. எவ்வளவு போட, சொல்லு."

"ஒரு கல்லு உப்பு. ஒரு துண்டு வெல்லமும் போடுங்க."

போட்டார். கூடையில் கிடந்த கடைசித் தக்காளியையும் அரைத்து ஊற்றி, எண்ணெய் மேலே பிரியும் வரை கைவிடாமல் கிளறினார். சங்கரவடிவு ஒரு சொட்டு நக்கிப் பார்த்தார். பிறகு உள்ளங்கையை நீட்டினார்.

"இன்னும் கொஞ்சம் ஊத்துங்க."

அதற்குப் பிறகு இட்லிதான் போதவில்லை. இரண்டாம் தடவை மாவு ஊற்ற வேண்டியதாயிற்று. விக்கல் எடுத்த மனுஷர் மூன்று முறை கேட்டு வாங்கினார். தெய்வநாயகமே சங்கரவடிவுக்கு இலை போட்டுப் பரிமாறினார். அவர் கை தாராளமாக ஊற்றியது. அண்டா காலியாயிற்று.

சாமி கை கழுவிவிட்டு வந்தார். தெய்வநாயகம் அவர் எதிரே போய் நின்றார். சட்டையெல்லாம் தக்காளிக் கறை.

"சாமி, காலையில நான் கேட்டதுக்கு நீங்க இன்னும் பதில் சொல்லல."

"என்ன கேட்டீய?"

"கோவத்தைப் பிடுங்க வழி கேட்டேன். இன்னைக்கும் கத்துனேன். சட்டியைத் தூக்குனேன். நீங்களே பாத்தீய. ஒரு வருஷமா ஒண்ணும் குறையல. அது எனக்குள்ள அப்படியேதான் இருக்கு."

"காலையில விழுந்த ரெண்டு கை வத்தல் எங்க அண்ணாச்சி?"

"அந்தச் சட்னிக்குள்ளதான். அதுல ஒரு துளியையாவது என்னால எடுக்க முடிஞ்சுதா?"

சாமி துண்டில் கையைத் துடைத்துக்கொண்டார்.

"நாங்க எல்லாரும் சாப்பிட்டுட்டோமே. பன்னிரண்டு மணி பஸ்ஸைப் பிடிங்க அண்ணாச்சி."