ரோஜா மாலை தலைமையில்

பொதுக்குழுவில் சொரிமுத்து எழுந்து நின்றபோது மதுரையில் தரை லேசாக அதிர்ந்ததாம். சொன்னது சொரிமுத்துதான்.

கட்சிக்குப் புதுத் தலைவரைத் தேர்ந்தெடுத்துவிட்டுத் திருநெல்வேலிக்குத் திரும்பிக்கொண்டிருந்தோம். டிரைவர் அந்தோணி குறுக்கு வழி என்று வேனைத் திருப்பிய சாலையில் ரயில்வே கேட் மூடியிருந்தது. உள்ளே நான், மகளிரணித் தவசுக்கனி, சொரிமுத்து. அவருடைய சட்டைப் பையில் ஒன்றியச் செயலாளர் பதவிக்கான படிவம் இருந்தது. ஒருவர் முன்மொழிய வேண்டும், ஒருவர் வழிமொழிய வேண்டும், ஐந்து மணிக்குள் மாவட்ட அலுவலகத்தில் கொடுக்க வேண்டும். ஒன்பது வருடம் கொடி கட்டி, போஸ்டர் ஒட்டி, அவர் காத்திருந்த பதவி. கையெழுத்துப் போட வேனில் இருந்தவர்கள் நாங்கள் இரண்டு பேர்தான்.

"மண்டபத்துல மூவாயிரம் பேரு. பேரச் சொல்லி முன்மொழிய ஒருத்தனுக்கும் தைரியம் இல்ல. நான் எந்திரிச்சேன். 'முன்மொழிகிறேன்'னேன். மைக்கு கெடையாது பாத்துக்கிடுங்க. வாசல்ல நின்ன போலீசு யாருக்குன்னு தெரியாமலே சல்யூட் அடிச்சிட்டாரு."

"நான் உனக்கு மூணு வரிசை தள்ளித்தான இருந்தேன். எனக்குக் கேக்கலியே" என்றார் தவசுக்கனி.

"பக்கத்துல இருந்தா கேக்காதுக்கா. இடி விழுந்த எடத்துல எவனுக்குச் சத்தம் கேட்டுருக்கு?"

அந்தோணி ஸ்டியரிங்கில் தலையை வைத்துச் சிரித்தார்.

"பொறவு கை தூக்கச் சொன்னாவ. எண்ணிப் பாத்தா ஆறாயிரத்து ஒண்ணு."

"ஆளுக்கு ரெண்டு கையத் தூக்குனாலும் ஆறாயிரந்தான?" என்றார் தவசுக்கனி.

"வாசல்ல நிறுவனர் சிலை இருக்குல்லா? வெரல நீட்டிக்கிட்டு நின்ன மனுசன், கைய முழுசா ஒசத்திட்டாரு. இன்னும் எறக்கல. போயிப் பாருங்க."

இந்த இடத்தில் நான் கண்டித்திருக்க வேண்டும். முப்பது வருடமாகக் கட்சியில் இருக்கிறேன். எந்தப் பொய்யை எங்கே நிறுத்துவது என்று எனக்கு ஒருமுறைகூடப் பிடிபட்டதில்லை. "அப்புறம்?" என்றேன்.

"அப்புறம் மாலை. நெலக்கோட்டைச் சந்தையில அன்னைக்குச் சாமிக்குக்கூட ஒரு ரோஜா மிஞ்சல, மொத்தமும் என் மாலையில. கிரேன் வச்சுத் தூக்கிப் போட்டேன். போட்டதும் தலைவரக் காணோம்."

"எங்க போனாரு?"

"மாலைக்குள்ள! டார்ச் லைட்டோட நாலு பேரு உள்ள போனாவ. ரெண்டு பேரு இன்னும் வெளிய வரல. அதுக்காகக் கூட்டத்த நிறுத்த முடியுமா? மாலைய நாற்காலியில வச்சு ரெண்டு மணி நேரம் நடத்துனோம். மூணு தீர்மானம் நிறைவேறிச்சு. கோஷ்டிச் சண்ட தீந்துச்சு. யாரையும் வையல, மகனக் கூட்டிட்டு வந்து மேடையில உக்கார வைக்கல. கையெழுத்துக் கேட்டா ஒரு இதழ உதுத்துச்சு, ஒட்டிக்கிட்டோம்."

"பத்து மணிக்குக் கூட்டம், பதினொண்ணரைக்குப் பந்தி. இதுல ரெண்டு மணி நேரம் எங்க இருந்து வந்துச்சு?"

"நல்ல தலைமை இருந்தா நேரம் போறதே தெரியாதுக்கா."

தவசுக்கனி கையை நீட்டினார். "குடு தம்பி படிவத்த. இவ்வளவு பாடுபட்டதுக்கு ஒரு கையெழுத்துகூடப் போடலன்னா பாவம்." வாங்கிப் பார்த்தவர் கண்ணாடியை ஏற்றிக்கொண்டார். "மேல 'கட்சித் தலைவர்'னு போட்டு, அவரு பேரு எழுதுத எடம் காலியா இருக்கே. நீ முன்மொழிஞ்ச பேர எழுது."

சொரிமுத்து பேனாவைத் திறந்தார். மூடினார். "அண்ணாச்சி எழுத்து முத்து முத்தா இருக்கும்" என்று என்னிடம் நீட்டினார்.

வாங்கிக்கொண்டேன். போட்டியில் மூன்று பேர். ஜெயித்தவர் பேரைச் சொல்லிக் கை தூக்கி ஏற்கச் சொன்னபோது மைக் கரகரத்தது. முன்வரிசை கை தூக்கியது, நானும் தூக்கினேன். தூக்கிய கையோடு பந்திக்கு, பந்தியிலிருந்து வேனுக்கு. பக்கத்தில் இருந்தவரிடம் கேட்டிருக்கலாம். முப்பது வருடக் கட்சிக்காரன் கேட்கிற கேள்வியா அது?

"நீங்களே எழுதுங்கம்மா" என்றேன்.

"நானா? எனக்கு முன்னால ஆறடி ஆளு. கை தூக்குனது தெரிஞ்சுது. யாருக்குன்னு தெரியல."

மூன்று பேரிடமும் செல்போன் இருந்தது. முதலில் எடுத்துப் பார்க்கத்தான் ஒருவருக்கும் மனம் வரவில்லை.

"அப்ப யாரு அண்ணாச்சி தலைவரு?" என்றார் அந்தோணி.

ரயில் போய், கேட் திறந்தது. தவசுக்கனி என் கையிலிருந்து பேனாவைப் பிடுங்கி, காலி இடத்தில் 'ரோஜா மாலை' என்று எழுதினார். கீழே வழிமொழிந்து கையெழுத்தும் போட்டார்.

"இந்தா. இந்த வேன்ல எல்லாருக்கும் பேரு தெரிஞ்ச தலைவரு இவரு ஒருத்தருதான்."

சொரிமுத்துவின் முகம் சுருங்கிவிட்டது. மணி நாலு. வேறு படிவம் இல்லை. அவர் என்னையே பார்த்தார். முன்மொழிந்து கையெழுத்துப் போட்டேன். இரக்கப்பட்டா, பயந்துபோயா என்று இப்போதும் யோசிக்கிறேன்.

பத்தாம் நாள் தலைமையிலிருந்து உத்தரவு வந்தது. சொரிமுத்துதான் ஒன்றியச் செயலாளர். தாளைக் கொண்டுவந்து எங்களிடம் நீட்டினார். தலைவர் கையெழுத்துப் போட வேண்டிய இடத்தில் சிவப்பாக ஒரு இதழ் ஒட்டியிருந்தது.

"நான் சொன்னப்போ யாராவது நம்புனியளா?"

தவசுக்கனி தாளை வாங்கி முகர்ந்து பார்த்தார்.

"வாடிப்போச்சு" என்றார். "சீக்கிரமே அடுத்த பொதுக்குழு கூட்டிருவாவ."