பட்டன் ஏன் கத்தல

ஒரு ஊர்ல ஒரு தையக்காரர் இருந்தார். நல்லையான்னு பேரு. ஆறு வீடு வரிசையா இருக்கிற காம்பவுண்டுல கடைசி வீடு. தனி ஆளு. கூட இருந்தது ஒரே ஒரு நாய்க்குட்டி, பேரு பட்டன். ம் சொல்லு.

ம்.

பட்டனை மிஷின் கால்ல கட்டிப் போட்டுட்டு அவர் தைப்பார். மிஷின் டடடடன்னு ஓடும். குட்டி ஙீ... ஙீ...ன்னு அழும். காலையில ஆரம்பிச்சா சாயங்காலம் வரைக்கும். அப்போ வீட்டுக்காரம்மா ராஜகனி மாடியிலேர்ந்து எட்டிப் பார்த்தாங்க.

"நல்லையா, அது நாயா, நாதஸ்வரமா?"

"குட்டிதானே அக்கா. பழகிரும்."

"மூணு நாள் பாப்பேன். பழகலைன்னா யார்கிட்டயாவது குடுத்துரு."

குட்டியைக் குடுக்க அவருக்கு மனசில்ல. வாய்விட்டுப் பேச அந்த வீட்டுல வேற யாரு?

முதல் நாள், அழும்போது ஒரு துண்டு ரஸ்க் போட்டார். கறுக் முறுக். தின்னு முடிச்சதும் இன்னும் பெருசா ஙீ...ன்னுச்சு. அழுதா ரஸ்க் வரும்னு கத்துக்கிடுச்சு. ரெண்டாம் நாள், "ஏய், சும்மா கிட"ன்னு அதட்டினார். நம்மகூடப் பேசுறார்னு அதுக்குச் சந்தோஷம். அவர் ஒரு வார்த்தை சொன்னா அது ரெண்டு ஙீ சொல்லுச்சு.

அப்புறம் மூணாம் நாள் அவர் திரும்பியே பாக்கல. அது அழுது அழுது, மூச்சு வாங்கக் கொஞ்சம் நிறுத்துச்சு. அந்த நேரம் பாத்து கத்திரிக்கோலால மிஷின் பலகையில டக் டக்னு தட்டி ரஸ்க் குடுத்தார். அழுதா அசைய மாட்டார். அமைதியா இருந்தா டக் டக். சாயங்காலத்துக்குள்ள பட்டனுக்குப் புரிஞ்சு போச்சு. டக் டக் கேட்டா வாலைத் தரையில பட் பட்னு அடிக்கும், வாயைத் திறக்காது. ராஜகனியம்மாவும் சரின்னுட்டாங்க.

தூங்கிட்டியா?

ம்ஹும்.

அப்புறம் ஒரு மாசம் கழிச்சு, ஒரு மத்தியானம், பட்டனைக் காணோம். கயிறு மட்டும் கிடக்கு. தெரு முழுக்கத் தேடிட்டு வந்தார்.

"எங்கயாவது கிடந்து கத்தும். காதைக் குடுத்துக் கேளு"ன்னாங்க ராஜகனியம்மா.

"கத்தாது அக்கா. கத்தினா நான் வரமாட்டேன்னு அதுக்கு நினைப்பு."

சொன்னப்புறம்தான் அவருக்கே உறைச்சுது.

உள்ளே ஓடிப் போய்க் கத்திரிக்கோலை எடுத்தார். வாசக்கதவுல டக் டக். ஒண்ணுமில்ல. மாடிப்படிக்குக் கீழ டக் டக். ஒண்ணுமில்ல. பின்பக்கம் தரைக்குக் கீழ ஒரு தண்ணித் தொட்டி. அன்னைக்குத்தான் கழுவி, காயட்டும்னு மூடாம விட்டிருந்தாங்க. நாலு மணிக்குக் குழாய்த் தண்ணி வந்து அதுலதான் விழும். அப்பவே குழாய் புஸ்ஸு புஸ்ஸுன்னு காத்து விடுது. தொட்டி விளிம்புல டக் டக்.

கீழேர்ந்து பட் பட்.

"அக்கா, குழாயை அடைங்க"ன்னு சொல்லிட்டு இறங்கினார். மூலையில பட்டன் உக்காந்திருக்கு. முன்னங்கால் வீங்கியிருக்கு. வாயை இறுக்க மூடிக்கிட்டு, நல்ல பிள்ளையா, ரஸ்குக்குக் காத்திருக்கிற மாதிரி அண்ணாந்து பாக்குது.

"ஒரு குரல் குடுத்திருந்தா என்ன இதுக்கு?"ன்னாங்க ராஜகனியம்மா. நல்லையா குட்டியைத் தூக்கிக்கிட்டு மேலே ஏறினார்.

அப்புறம் காலுக்குக் கட்டுப் போட்டாச்சு. நாலு நாள் சத்தமே இல்ல. அஞ்சாம் நாள் மெல்ல ஒரு ஙீ... அவர் பாதித் தையல்ல மிஷினை நிறுத்திட்டுக் குனிஞ்சு கட்டைத் தொட்டுப் பாத்தார். காலுக்கு ஒண்ணுமில்ல. குட்டியோட கண்ணு ரஸ்க் டப்பா மேல.

"அதுக்கா? சரி, அழு"ன்னுட்டுத் திரும்ப மிஷின்ல உக்காந்தார்.

மாடியிலேர்ந்து, "என்ன நல்லையா, மறுபடியும் சத்தம்?"

"பாத்துட்டேன் அக்கா. ஒண்ணுமில்ல."

ராஜகனியம்மா உள்ளே போயிட்டாங்க. மிஷின் ஓடுது, டடடட. குட்டி அழுது பாத்துட்டுப் படுத்துருச்சு. கதையும் படுத்தாச்சு, நீயும் கண்ணை மூடு.