நேப்பிள்ஸில் யாரும் அழவில்லை

சினிமாவுக்கு இன்னும் பேச்சு வராத காலம். இத்தாலியின் நேப்பிள்ஸ் நகரில் எர்சிலியா என்ற பெண் படமெடுத்துப் பெயர் வாங்கியிருந்தாள். அவளிடம் தொழில் கற்க வந்த கஸ்பாரே அவளைவிடப் பதினைந்து வயது மூத்தவர். நாடக மேடையிலேயே தலை நரைத்தவர். ஊரே இதைச் சொல்லிச் சிரித்தது. அவர் சட்டை செய்யவில்லை.

அவருக்கு இருந்த கவலை வேறு. அவர் தனியாக எடுத்த முதல் படம் அப்போது ஓடிக்கொண்டிருந்தது. கடைசியில் கதாநாயகி காசநோயில் சாகிறாள். கணவன் அவள் கையைப் பிடித்துக்கொண்டு கதறுகிறான். அரங்கில் ஒருவர்கூடக் கைக்குட்டையை எடுக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமையும் இப்படியே போனால் படத்தைத் தூக்கிவிடுவேன் என்று அரங்கின் முதலாளி சொல்லிவிட்டார்.

"சிஞோரா, ஏன் யாருமே அழமாட்டேங்கிறாங்க? வெளிச்சம் போதலையா? அவ இன்னும் கொஞ்சம் இருமணுமா?" என்று எர்சிலியாவிடம் கேட்டார் கஸ்பாரே.

"ஞாயித்துக்கிழமை நானும் வரேன். சேர்ந்து பார்ப்போம்," என்றாள் எர்சிலியா.

அன்று அவள் நேராக மூன்றாவது வரிசைக்குப் போனாள். அங்கே நான்கு பெண்கள் கைகளாலேயே பேசிக்கொண்டிருந்தார்கள். பக்கத்துக் கையுறைப் பட்டறையில் தைப்பவர்கள். நால்வருக்கும் காது கேட்காது.

"பின்னால போயிடலாமே. இங்கே கழுத்து வலிக்கும்," என்றார் கஸ்பாரே.

"வலிக்கட்டும். உட்காருங்க."

மரணக் காட்சி வந்தது. பியானோக்காரர் தன்னால் ஆன மட்டும் சோகத்தைப் பிழிந்தார். கணவன் மனைவியின் கையைப் பற்றி வாயைத் திறந்தான். நான்கு பெண்களும் குபீரென்று சிரித்துவிட்டார்கள். ஒருத்தி வயிற்றைப் பிடித்துக்கொண்டாள்.

கஸ்பாரே எர்சிலியாவின் பக்கம் திரும்பினார். "சாவு வீட்டில சிரிக்கிறாங்களே! என்னன்னு கேளுங்க."

எர்சிலியாவுக்குச் சைகை மொழி கொஞ்சம் தெரியும். கேட்டாள். அவர்கள் திரையைக் காட்டினார்கள், தங்கள் உதட்டைக் காட்டினார்கள், காலைக் காட்டினார்கள். அவளுக்கே சிரிப்பு வந்துவிட்டது.

"இவங்க உதட்டைப் பார்த்தே பேச்சைப் புரிஞ்சுக்குவாங்க. உங்க கதாநாயகன், 'ஷூ கடிக்குது, சீக்கிரம் செத்துத் தொலை'ன்னு சொல்றானாம்."

கஸ்பாரேவின் முகம் எரிந்தது. நல்லவேளை, இருட்டு.

"நான்தான் அவன்கிட்ட சொன்னேன். குரல் பதிவாகப் போறதில்லை, வாய் அசைஞ்சா போதும், என்ன வேணா பேசிக்கோன்னு."

ஆனாலும் அவருக்கு மனம் கேட்கவில்லை.

"ஆனா இது இந்த நாலு பேருக்குத்தானே தெரியும், சிஞோரா? மத்தவங்க யாரும் உதட்டைப் படிக்கலையே?"

எர்சிலியா திரும்பி அரங்கைப் பார்த்தாள். ஒருவர் ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தார். ஒருவர் கொட்டாவி விட்டார். இரண்டு பேர் தொப்பியை எடுத்துக்கொண்டு எழுந்தார்கள்.

"அவங்களுக்கும் தெரிஞ்சுபோச்சு, கஸ்பாரே. என்ன தெரிஞ்சதுன்னுதான் அவங்களால சொல்ல முடியல."