இரண்டு விரல் குறைந்த கோல்

கொஞ்சம் விழிப்பாகக் கேளுங்கள். விடைக்கு வேண்டியதெல்லாம் வழியிலேயே கிடக்கிறது. பொறுக்கிக்கொள்ளாமல் வந்துவிட்டு முடிவில் என்மேல் பாயக்கூடாது.

கருங்கண்மாய்ப் பாளையத்தில் ஒரு கண்மாய். அதன் கரை நூல் பிடித்தாற்போல நேராக ஓடும். ஏழு ஊருக்கு அதுதான் தண்ணீர். ஆகவே ஏழு ஊரும் கரையைச் சமமாகப் பங்கு போட்டு, கோடையில் அவரவர் பங்குக்கு மண் சுமந்து உயர்த்த வேண்டும். பங்கு பிரிப்பவன் அளவுக்காரன். அளக்குமுன் அவன் கோலைக் கோயில் சுவரில் வெட்டியிருக்கும் அளவோடு ஒத்துப் பார்க்க வேண்டியது பாளையக்காரர் கடமை. வேலை முடியும்வரை கோல் மணியக்காரர் வீட்டில் இருக்கும்.

பத்து வருடத்துக்கு முன்னால் ஒச்சப்பன் அளவுக்காரனாக இருந்தான். மணியக்காரர் திருவேங்கடம் தன் ஊர்ப் பங்கைக் குறைக்கச் சொன்னார். ஒச்சப்பன் மாட்டேன் என்றான். பாளையக்காரர் அன்று வேட்டைக்குப் புறப்படும் அவசரத்தில் கோலை ஒத்துப் பார்க்காமலே போய்விட்டார். மணியக்காரருக்கு அது போதும். தன் வீட்டில் இருந்த கோலின் நுனியில் இரண்டு விரல் சீவிவிட்டார். ஒச்சப்பனுக்குக் கண் மங்கிய வயது. பழைய கணக்குப்படி ஊருக்கு இத்தனை கோல் என்று அளந்துகொண்டே போனான். மணியக்காரர் ஊரோடு சேர்த்து ஆறு ஊருக்குப் பங்கு குறைந்தது. மிச்சமெல்லாம் ஏழாவது ஊர் தலையில் விழுந்தது. அவர்களால் மண் போட்டு மாளவில்லை. ஐப்பசி மழையில் கரை அங்கேதான் உடைந்தது.

விசாரணையில் கோல் இரண்டு விரல் குறைவு என்று தெரிந்தது. பாளையக்காரர் மேற்கொண்டு ஒரு வார்த்தை கேட்கவில்லை. கோலை இரண்டாக ஒடித்து, இரண்டு துண்டையும் ஒச்சப்பன் கழுத்தில் கட்டி, ஏழு ஊரும் நடக்க வைத்தார். ஏழாவது ஊர்ப் புளியமரத்தடியில் ஒச்சப்பன் விழுந்தான். தண்ணீர் கேட்டானாம். கரையை உடைத்தவனுக்கு யார் கொடுப்பார்கள்? அங்கேயே செத்தான்.

மறந்துவிடு என்று சொல்வது எளிது. விழுந்தது அடுத்தவர் அப்பன் அல்லவா? ஒச்சப்பன் மகள் சிலம்பாயி மறக்கவில்லை.

இந்த வருடம் கரையைப் புதிதாக நீட்டிக் கட்டினார்கள். பழைய கணக்கு உதவாது. ஒச்சப்பன் கதி தெரிந்த ஒருவரும் பங்கு பிரிக்க வரவில்லை. சிலம்பாயி வந்தாள்.

"நான் பிரிக்கிறேன் ராசா. ஒரு பங்கு விரல்கடை பிசகினாலும் எங்கப்பனுக்குச் செஞ்சத எனக்கும் செய்யுங்க. சரியா வந்தா, எங்கப்பன் கழுத்துல கோல் தொங்கக் காரணமான அத்தனை பேரையும் என் கையில குடுக்கணும்."

"குற்றம் உறுதியானால் தருகிறேன்" என்று பாளையக்காரர் சிரித்துக்கொண்டே கையடித்துக் கொடுத்தார்.

"முதல்ல என் கோலை ஒத்துப் பாருங்க."

அப்பன் கேட்காததை மகள் கேட்டாள். ஏழு ஊரும் பார்க்க, பாளையக்காரர் கோலைக் கோயில் சுவரில் வைத்துப் பார்த்தார். மயிரிழை பிசகவில்லை. பிறகு கோல் வழக்கப்படி மணியக்காரர் திருவேங்கடம் வீட்டுக்குப் போனது. அவள் கேட்ட வாக்கு அவர் காதிலும் விழுந்திருந்தது.

மறுநாள் காலையில் கோலைக் கையில் வாங்கியதும் சிலம்பாயி நுனியைத் தடவினாள். வெட்டு வெள்ளையாக, புதிதாக இருந்தது. அவள் ஒன்றும் சொல்லவில்லை. பத்து வருடமாக இதற்குத்தானே காத்திருந்தாள்.

கரைமேல் அவள் ஏறவே இல்லை. கரையின் ஒரு முனையில் கயிற்றைக் கட்டி, வறண்ட கண்மாய்க்குள் சாய்வாக இழுத்துப் பிடிக்கச் சொன்னாள். அந்தக் கயிற்றோரமாகப் பத்துக் கோலுக்கு ஒரு முளை என்று ஏழு முளை அடித்தாள். ஏழாவது முளையிலிருந்து கரையின் மறுமுனைக்கு ஒரு கயிறு கட்டினாள். மூங்கிலால் ஒரு முக்கோணம் செய்து, அந்தக் கயிற்றின் சாய்வு மாறாமல் மற்ற ஆறு முளையிலிருந்தும் கரைக்குக் கயிறு இழுத்தாள். கயிறு கரையைத் தொட்ட ஆறு இடத்திலும் கல் நட்டார்கள்.

முதல் பங்கின் நீளத்துக்குக் கயிறு வெட்டி மற்ற பங்குகளில் வைத்துப் பார்த்தார்கள். இரண்டாவது சரி. மூன்றாவது சரி. ஏழாவதும் சரி என்றபோது ஏழு ஊரும் ஆரவாரம் செய்தது.

திருவேங்கடம் கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் வந்தார். "ஏமாத்து! கோல்ல ரெண்டு விரல் குறையுது! அதை வச்சு அளந்தா எப்படிய்யா சமமா வரும்?" என்று கத்தினார்.

பாளையக்காரர் கோலை வாங்கிக் கோயில் சுவரில் வைத்தார். சரியாக இரண்டு விரல் குறைந்தது.

"நேற்று இது முழுக் கோல். இங்கிருந்து உம்முடைய வீட்டுக்குத்தான் போனது. ரெண்டு விரல் என்று உமக்கு எப்படித் தெரியும்?"

பத்து வருடத்துக்கு முந்திய இரண்டு விரலும் எங்கே போனது என்று ஏழு ஊருக்கும் அப்போது புரிந்தது.

சிலம்பாயி கோலை முழங்காலில் வைத்து ஒடித்தாள். ஒரு துண்டைத் திருவேங்கடத்தின் கழுத்தில் இறுக்கிக் கட்டினாள். மறு துண்டைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள்.

"வாக்குப்படி இன்னும் முடியல ராசா."

இப்போது சொல்லுங்கள். குறைந்த கோல் சமமான பங்கை எப்படித் தந்தது? மிஞ்சிய பாதிக் கோல் யார் கழுத்துக்கு உரியது? வெட்டைக் கண்டும் வாய் திறக்காத சிலம்பாயிக்கா, வேறு யாருக்காவதா?

விடை: சாய்வுக் கயிற்றில் எந்தக் கோல் வைத்தாலும் ஒன்றுதான். ஏழு முளையும் ஒரே இடைவெளியில் இருந்து, கயிறுகள் ஒரே சாய்வில் போனால் கரை தானாகவே ஏழு சமப்பங்காகும். ஆகவே சிலம்பாயி யாரையும் ஏமாற்றவில்லை. கோல் குறைந்தது அவள் பிரித்த பங்கைத் தொடவே இல்லை. ஒச்சப்பன் பிரித்த முறைக்கோ கோல் சரியாக இருந்தே ஆக வேண்டும். அதை ஒத்துப் பார்க்க வேண்டியவர் வேட்டைக்குப் போனார். பார்த்திருந்தால், கோல் யார் வீட்டில் குறைந்தது என்று அன்றே தெரிந்திருக்கும். திரும்பி வந்து கேள்வி கேட்காமல் தண்டித்தார். பாதிக் கோல் பாளையக்காரருக்கு உரியது. அவரே கழுத்தை நீட்டினார் என்பது மட்டும் அவருக்குப் பெருமை. இருவரும் ஏழு ஊரும் நடந்தார்கள். சிலம்பாயி ஒரு குடம் தண்ணீரோடு பின்னாலேயே போனாள். புளியமரத்தடிக்கு வந்ததும் இருவரும் தண்ணீர் கேட்டார்கள். அவள் குடத்தை அப்பன் விழுந்த இடத்தில் கவிழ்த்துவிட்டு வீட்டுக்குப் போனாள்.