முகமூடியைக் கழட்டின பூப்பியுஸ்

போர்வைக்குள்ள வா. ம் கொட்டினாத்தான் சொல்லுவேன், கொட்டலைன்னா நானும் தூங்கிடுவேன், ஆமா.

ஒரே ஒரு ஊர்ல ஒரு முகமூடி இருந்துதாம். பெரிய வாய், சிவப்பு முடி, முட்டைக்கண்ணு. அந்த முகமூடிக்குள்ள ஒரு ஆளு. ஊரு ரோமாபுரி, கடலுக்கு அந்தாண்ட, ரொம்ப ரொம்ப முன்னாடி. ஆளு பேரு கார்ப்போ. அவன் கூத்தாடி, அதோட அடிமை. அடிமைன்னா, ஆட்டுக்குட்டியை வாங்கற மாதிரி அவனையும் ஒருத்தன் விலைக்கு வாங்கி வெச்சிருந்தான். வாங்கினவன் அந்தக் கூத்துக்கு முதலாளி, பூப்பியுஸ். சிரிக்காதே, அவங்க அம்மா ஆசையா வெச்ச பேரு.

கூத்துல பூப்பியுஸ் கிழட்டு எஜமான் வேஷம், கார்ப்போ கெட்டிக்கார அடிமை வேஷம். அடிமை எஜமானை ஏமாத்துவான், எஜமான் மொத்து மொத்துன்னு மொத்துவான், அப்புறம் கடைசியில "இவன் இனிமே சுதந்திர மனுஷன்!"னு சொல்லி, அடிமையைப் பிடிச்சு ஒரு சுத்து சுத்தி விட்டுடுவான். நிஜத்துலயும் அந்த ஊர்ல அப்படித்தான் விடுதலை பண்ணுவாங்களாம், அதிகாரி முன்னாடி அந்த வார்த்தை, ஒரு சுத்து. ஆனா முகமூடி போட்டுக்கிட்டு சொன்னா அது வெறும் கூத்து, செல்லாது. புரிஞ்சுதா?

ம்.

ஒரு நாள் கார்ப்போ மனசு பொறுக்காம கேட்டுட்டான். "எஜமானே, எனக்கு எப்போ நிஜ விடுதலை?"

"கூத்துக்குக் கூத்து குடுத்துக்கிட்டுத்தானே இருக்கேன், இன்னுமா ஆசை அடங்கலை?"ன்னான் பூப்பியுஸ். "சரி போ. இந்தத் திருவிழாவுல ஒரு கூத்தையாவது சனம் பாதியில எழுந்து போகாம உக்கார வெச்சுடு, விடறேன்." அந்த ஊர் சனம் ஒரு எடத்துல உக்காராதுன்னு அவனுக்குத் தெரியும். என்ன தாராள மனசு பாரு!

அப்போ மொத நாள் கூத்து. நடுவுல வெளியே டண்டணக்கு டண்டணக்கு. "கயித்து மேல ஆளு நடக்கறான்டோய்!" திபுதிபுன்னு சனம் ஓடிப்போச்சு. மிச்சம் ஒரே ஒரு தாத்தா, அவரும் கொர்ர்ர்.

ரெண்டாம் நாள் குத்துச்சண்டை. பொத்து, பொத்து, தொப்புன்னு சத்தம் கேட்டதுதான் தாமசம், அந்தத் தாத்தாவும் எழுந்து ஓடிட்டார். பூப்பியுஸ் மேடைக்குப் பின்னாடி போய் கார்ப்போவை நிஜமாவே அடிச்சான். பாவம், கார்ப்போ தேம்பித் தேம்பி அழுதான். ஆனா முகமூடி பல்லைக் காட்டிச் சிரிச்சுக்கிட்டே இருந்துது, அழுதது யாருக்கும் தெரியலை.

ம்... சொல்றேன் சொல்றேன்.

மூணாம் நாள், கடைசி நாள். முன்வரிசையில திருவிழா நடத்தற அதிகாரி ஜம்முனு உக்காந்திருக்கார், அடிமைங்க விடுதலையும் அவர் முன்னாடிதான் நடக்கும். பாதிக் கூத்துல வெளியே "கரடி! கரடி ஆடுது!"ன்னு சத்தம். சனம் விருட்டுனு எழுந்துது. கார்ப்போ பார்த்தான். இதை விட்டா ஆயுசுக்கும் அடிமைதான்.

"உக்காருங்கய்யா! அது என்ன கரடி, எங்க கரடி இதோ நிக்குது!"ன்னு கார்ப்போ பூப்பியுஸ் தொப்பையில ஒண்ணு வெச்சான் பாரு, தொம்ம்! பூப்பியுஸுக்கு வந்துதே கோபம், உர்ர்ருன்னு நிஜமாவே உறுமிட்டான். சனம் விழுந்து விழுந்து சிரிச்சுது. ஒருத்தரும் நகரலை.

கடைசிக் கட்டம் வந்துது. "செவப்புத்தலையா! செவப்புத்தலையா!"ன்னு கைதட்டல் காதைப் பொளக்குது. பூப்பியுஸுக்கு வயித்தெரிச்சல் தாங்கலை. கார்ப்போ காதுல, "வாக்காவது மண்ணாவது, வெளியே வா, உன் தோலை உரிக்கறேன்"ன்னான்.

"ஆகட்டும் எஜமானே"ன்னான் கார்ப்போ, ரொம்பப் பணிவா. "ஆனா எனக்கே வருத்தமா இருக்கு. உறுமினது நீங்க, பேரு எனக்கு. உங்க முகத்தை யாரு பார்த்தா?"

அவ்வளவுதான்! பூப்பியுஸ் படக்குனு முகமூடியைக் கழட்டினான். சனம் ஓன்னு கத்திச்சு. அந்தக் குஷியில மார்பை நிமிர்த்திக்கிட்டு, "இவன் இனிமே சுதந்திர மனுஷன்!"னு எட்டூருக்குக் கேக்கற மாதிரி வசனத்தைச் சொல்லி, கார்ப்போவைப் பிடிச்சு ஒரு சுத்து சுத்தி விட்டான்.

சுத்தி நின்ன கார்ப்போவும் முகமூடியைக் கழட்டினான். உள்ளே சின்ன மூஞ்சி, வேர்த்து விறுவிறுத்து. நேரா முன்வரிசையைப் பார்த்து, "ஐயா, கேட்டீங்களா?"ன்னான்.

"கேட்டேன்"னார் அதிகாரி. "வெறும் முகத்தோட சொன்னார். சொன்னது சொன்னதுதான்."

"ஐயையோ! அது வசனம்ங்க! இவன் என் அடிமைங்க!" பூப்பியுஸ் மாருல அடிச்சுக்கிட்டு மேடையில உருண்டான். "அடேயப்பா, என்னமா நடிக்கிறான்!"னு சனம் கண்ணுல தண்ணி வர சிரிச்சுது. கரடிக்காரனே கரடியைக் கட்டிப்போட்டுட்டு வந்து பார்த்தானாம். ஆயுசு பூரா பூப்பியுஸ் ஏங்கின கைதட்டல் அன்னிக்குத்தான் கிடைச்சுது, மகராசனுக்கு.

அப்புறம் கார்ப்போ கீழே இறங்கி, கூட்டத்துக்குள்ள நடந்தான். எல்லார் கண்ணும் மேடை மேல. ஒருத்தர் அவன் யாருன்னே தெரியாம, "கொஞ்சம் நகருங்கய்யா, மறைக்குது"ன்னார்.

'டேய்'னு இல்லை, 'நகருங்கய்யா'ன்னார். கார்ப்போ அங்கேயே நின்னு அழுதுட்டான்.

என்ன, ம் வரலை? அந்த ஊர்ல கூத்து முடிஞ்சா கை தட்டணுமாம். நீ தட்ட வேண்டாம், தூக்கம் கலைஞ்சுடும். கதையும் படுத்தாச்சு, கண்ணை மூடு.