துபாஷி தின்ற கிராங்கிள்மூட்

முன்னொரு காலத்தில் ஒரு ராஜாவுக்கு இங்கிலீஷ் பித்துப் பிடித்தது. சாதாரண இங்கிலீஷ் அல்ல, வெள்ளைக்காரத் துரைகளே எப்போதாவதுதான் சொல்கிற அபூர்வ வார்த்தைகள். தினமும் காலையில் அப்படி ஒன்றைச் சபையில் எடுத்துவிடுவது துபாஷி சேஷாசலத்தின் வேலை. துரைகளின் பேச்சை ராஜாவுக்கு மொழிபெயர்ப்பவர் அவர். 'தெரியாது' என்று மட்டும் அவர் ஜன்மத்தில் சொன்னதில்லை.

அன்றைய வார்த்தை போர்பரிக்மஸ். பசித்த வயிறு கடமுடவென்று உருட்டுகிறதே, அந்தச் சத்தத்துக்குத் துரைகள் வைத்த பேர். சோற்றைப் போடாமல் பேர் வைத்துக்கொண்டிருந்திருக்கிறார்கள், பாவம். சபையில் எல்லோரும் எப்படியோ சொல்லிவிட்டார்கள். சபையைச் சிரிக்கவைக்கும் விகடன் தாண்டவன் மட்டும் "போர்... போர்..." என்று நின்றுவிட்டான். அவன்மேல் வெகுநாளாய்ப் பொறாமை கொண்ட சேஷாசலம் விடுவாரா?

"மகாராஜா, நாக்குப் புரளாதவனுக்கு அரண்மனைச் சோறு எதற்கு?"

ராஜா யோசித்தார். "தாண்டவா, துபாஷிக்குத் தெரியாத இங்கிலீஷ் வார்த்தை ஒன்றோடு நாளை வா. இல்லையேல் அரண்மனை கொடுத்த வீட்டைக் காலி செய்துவிட்டு ஊரைவிட்டே போய்விடு."

தாண்டவன் வீட்டுக்கு வந்து தலையில் கைவைத்து உட்கார்ந்தான். நிஜமாகவே பயந்துபோயிருந்தான். அவன் மனைவி வடிவு, குழந்தைக்குப் பூச்சி மருந்தாக வேப்பங்கொழுந்து அரைத்துக்கொண்டிருந்தாள்.

"எதைக் கேட்டாலும் தெரியும்னுதான் சொல்லுவாரு அந்த மனுஷன். நான் எங்க போவேன், வடிவு?"

"சொன்னா சொல்லட்டுமே. நம்ம சின்னவனும் இது மிட்டாய்னு சொல்லித்தான் ஒரு வாய் போட்டுக்கிட்டான். அப்புறம் பாக்கணுமே அவன் மூஞ்சிய."

தாண்டவன் அம்மியை எட்டிப் பார்த்தான். அவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

மறுநாள் மூடிபோட்ட வெள்ளிக் கிண்ணத்தோடு சபைக்கு வந்தான்.

"மகாராஜா, வார்த்தை கிராங்கிள்மூட். பொருள் இந்தக் கிண்ணத்தில் இருக்கிறது. துபாஷி சொல்லட்டும்."

சேஷாசலம் மீசையை நீவிக்கொண்டார். "இது தெரியாதா? துரைமார் விருந்தில் பரிமாறும் இனிப்பு. நானே எத்தனையோ தின்றிருக்கிறேன். மெல்ல மெல்லத் தேனாய் ஊறும்."

"அப்படியானால் உண்ணும்" என்றார் ராஜா.

மூடியைத் திறந்தால் பச்சைப் பசேலென்று உருண்டைகள். சேஷாசலம் ஒன்றை வாயில் போட்டு மென்றார். கண்ணில் நீர் கோத்துக்கொண்டது.

"எப்படி இருக்கிறது?"

"அமிர்தம், மகாராஜா."

"அமிர்தமாம். இன்னொன்று எடுத்துக்கொள்ளுங்கள்" என்று தாண்டவன் கிண்ணத்தை நீட்டினான்.

இரண்டாவது உருண்டையைப் பார்த்ததும் சேஷாசலத்தின் வீறாப்பு போய்விட்டது. "வேண்டாம். எனக்குத் தெரியாது, மகாராஜா. அந்த வார்த்தையே எனக்குத் தெரியாது."

"எனக்கும் தெரியாது. காலையில் பல் விளக்கும்போது நான் கட்டிய வார்த்தை. இது வேப்பங்கொழுந்து" என்றான் தாண்டவன்.

"நான் கேட்டது இங்கிலீஷ் வார்த்தை அல்லவா?" என்றார் ராஜா.

"துரை விருந்திலேயே தின்றதாகத் துபாஷி சாட்சி சொன்னாரே, மகாராஜா."

ராஜா வாய் திறக்குமுன் அவர் வயிறு திறந்தது. காலை ஆகாரம் தாமதமானதில் கடமுடவென்று ஒரு சத்தம், சபை முழுக்கக் கேட்டது. எல்லோரும் தரையைப் பார்த்தார்கள்.

தாண்டவன் பணிவாகக் குனிந்து, ஓர் எழுத்துப் பிசகாமல் சொன்னான்.

"போர்பரிக்மஸ்."

ராஜா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அந்த வீட்டைத் தாண்டவனுக்கே சாசனம் செய்து கொடுத்தார். சேஷாசலத்துக்கு மீதி உருண்டைகள்.