கரையைப் பறித்த காட்டுப்பன்றி

காட்டு விலங்குகள் எதுவும் ஓரிடத்தில் தங்காத காலம் அது. மேயும், இரை தீர்ந்தால் அடுத்த காட்டுக்கு நடக்கும். பன்றிக் கூட்டத்துக்கு வழிகாட்டி உறுமன். கிழங்கு எங்கே என்று எல்லாரும் அவனைத்தான் கேட்பார்கள்.

குட்டைவாலி என்ற பெருச்சாளியோ கால் முறிந்து ஆற்றங்கரையிலேயே தங்கிவிட்டாள். தின்ற வள்ளிக்கிழங்கின் தலைப்பக்கத்தைக் கிள்ளி மண்ணில் புதைத்தாள். கொடி படர்ந்தது. மறுவருடம் கரை முழுக்கக் கிழங்கு!

அந்த வருடம் மழை இல்லை. நாலு காடு சுற்றியும் உறுமனுக்கு ஒன்றும் கிடைக்கவில்லை. கூட்டம் பட்டினியோடு ஆற்றங்கரைக்கு வந்தது. குட்டைவாலி இருந்ததையெல்லாம் தோண்டிக் கொடுத்தாள். நடுவதற்கு ஒரு குவியலை மட்டும் ஒதுக்கி வைத்தாள்.

“பாருங்க அவளை! இருந்த இடத்திலேயே சாப்பாடு!” என்றாள் உறுமனின் மனைவி.

உறுமனுக்கு வயிறு எரிந்தது. இத்தனை வருடம் வழிகாட்டியது யார்? புகழ் மட்டும் இந்த நொண்டிக்கா?

“ஏய்! இந்தக் கரை இனி எனக்கு!”

“என்னய்யா அநியாயம்! பாடுபட்டது நான்!”

“நீ என்னத்தைக் கிழிச்ச? எல்லாம் மண்ணோட மகிமை! கிளம்புறியா, குத்தட்டுமா?”

குட்டைவாலி ஓர் அடி பின்வாங்கினாள். கோரைப்பல்லோடு மல்லுக்கு நிற்க முடியுமா?

“சரி, கரையை எடுத்துக்கோ. அந்தக் குவியலை நான் கொண்டு போறேன்.”

உறுமன் பார்த்தான். எல்லாம் சுருங்கி முளைவிட்ட கிழங்கு.

“அந்தச் சொத்தையா? தாராளமா அள்ளிட்டுப் போ!”

வறண்ட ஆற்று மணலில் ஒவ்வொன்றாக இழுத்துக்கொண்டு, பத்து நாளில் அக்கரை சேர்த்தாள். நட்டாள். மழையும் வந்தது.

உறுமன் தன் கரையில் சொந்தக் குட்டியைக்கூட மிதிக்க விடவில்லை. “என் மண்! ஓரமாப் போ!” எதுவும் நடாத அந்த மண்ணில் முளைத்தது வெறும் புல். அக்கரையில் கொடி ஆள் உயரம்!

“ஏங்க, உங்க மண்ணையா தின்கிறது?” மனைவி குட்டிகளோடு ஆற்றில் இறங்கிவிட்டாள். கூட்டமும் பின்னால் போனது.

“சும்மா தரமாட்டேன்! கிழங்கு நட ஆளுக்குப் பத்துக் குழி தோண்டணும்!” என்றாள் குட்டைவாலி.

அவள் ஒரு மாதம் தோண்டும் குழியை அவர்கள் மூக்கால் ஒரே காலையில் தோண்டிவிட்டார்கள்.

உறுமன் இக்கரையிலிருந்து பார்த்துக்கொண்டே இருந்தான். அந்தக் கூட்டத்திலேயே பலமான மூக்கு அவனுடையது. ஆனாலும் அவன் நகரவில்லை. நகர்ந்ததும் கரையை யாராவது பிடித்துவிட்டால்?

அடுத்தவர் உழைப்பைப் பாராமல் இடத்தைப் பார்த்துப் பொறாமைப்படுகிறவனுக்கு இடம்தான் மிஞ்சும், விளைச்சல் மிஞ்சாது.